மந்திரக் குறியைத் திருடியது யார்?

மாயாஜாலக் கதை எதைத் தொட்டாலும் ஒரு நாடோடிக் கூட்டம் வந்து நிற்கும். கூண்டு வண்டி, காதில் வளையம், குறி சொல்லும் கிழவி. அரண்மனையில் பூட்டிவைத்த மந்திரக் கல்லையோ கோயில் சுவரில் செதுக்கிய மந்திர எழுத்தையோ ராத்திரியோடு ராத்திரியாகக் கிளப்பிக்கொண்டு எல்லை தாண்டிவிடும். 'கற்பனைதானே, இதுலயும் சாதி பாக்குறீங்களே?' என்று நம்மையே திருப்பிக் கேட்கிறார்கள்.

கற்பனைதான். அதனால்தான் கேட்கிறோம். அந்த உலகத்தில் நிலா மூணு இருக்கலாம், மலை பேசலாம், செத்தவன் எழுந்து நடக்கலாம். நாடோடி மட்டும் ஏன் அங்கேயும் திருடன்? எல்லாத்தையும் புதுசாப் படைக்கத் தெரிஞ்சவனுக்கு இதை மட்டும் மாத்தத் தெரியலையா?

தெரியாமல் இல்லை. இது கைமாறிக் கைமாறி வந்த சரக்கு. 1613-ல் செர்வாண்டிஸ் எழுதிய ஜிப்சிப் பெண் கதையில் நாயகி நல்லவள். ஏனென்றால் கடைசியில் அவள் ஜிப்சியே இல்லை, திருடி வளர்க்கப்பட்ட பெரிய வீட்டுப் பிள்ளை. 1831-ல் விக்டர் ஹியூகோவின் எஸ்மெரால்டாவும் ஜிப்சிகள் தூக்கிப்போன பிரெஞ்சுக் குழந்தைதான். 'டஞ்சன்ஸ் அண்டு டிராகன்ஸ்' விளையாட்டில் விஸ்தானி என்றொரு நாடோடி இனம்: கண்ணேறு வைக்கும், சாபம் விடும். அது ரோமா மக்களின் கேலிச் சித்திரம் என்று எதிர்ப்புக் கிளம்பியது. 2020-ல்தான் கம்பெனி அதை ஒத்துக்கொண்டு திருத்தியது.

நிஜத்தில் அந்த ரோமா மக்கள் யார்? சுமார் ஆயிரம் வருஷத்துக்கு முன் இந்தியாவிலிருந்து போனவர்கள் என்று அவர்கள் மொழியே சாட்சி சொல்கிறது. விஸ்தானி திரியும் கற்பனை நாட்டுக்குச் சாயல் கொடுத்தது ருமேனியப் பக்கம். அங்கே 1850-கள் வரை ரோமாக்கள் அடிமைகள். அவர்களை உடைமையாக வைத்திருந்தது மன்னனும் நிலப்பிரபுவும் கிறிஸ்தவ மடாலயமும். ஆளையே திருடி வைத்திருந்தவன் கதையில் பறிகொடுத்தவனாக வருகிறான். கேப்பையில நெய் வடியுதுன்னா கேக்குறவனுக்கு மதி எங்க போச்சு?

சரி, குறிக்கு வருவோம். 1899-ல் ஜெர்மனியின் மியூனிக் போலீசு ஜிப்சிகளைக் கண்காணிக்கவென்றே தனி அலுவலகம் திறந்தது. 1905-ல் அதன் அதிகாரி டில்மன் அவர்களைப் பேர், ஊர், அடையாளத்தோடு பட்டியலிட்டுப் புத்தகமே போட்டார். நாஜிகள் சுமார் 23,000 ரோமா, சிந்தி மக்களை ஆஷ்விட்சுக்கு அனுப்பினார்கள். அங்கே அவர்கள் கையில் எண் பச்சை குத்தப்பட்டது. எண்ணுக்கு முன்னால் 'இசட்' என்ற எழுத்து. ஜெர்மன் மொழியில் ஜிப்சியைக் குறிக்கும் வசைச்சொல்லின் முதலெழுத்து. மனுசனைச் சாம்பலாக்குகிற மந்திர எழுத்து அதுதான். அதை எழுதினது நாடோடி இல்லை.

நம்ம பக்கம் என்ன நடந்தது? கடற்கரை உப்பைக் கழுதையிலும் மாட்டிலும் ஏற்றி உள்நாட்டுக்குக் கொண்டுபோய் தானியத்துக்கு மாற்றியவர்கள் குறவர்கள். ரயில் வந்து அந்தப் பிழைப்பைத் தின்றது. பிழைப்பைப் பறிகொடுத்தவனுக்குத் திருடன் என்று பேர் வைத்தார்கள். 1871-ல் வந்த குற்றப் பரம்பரைச் சட்டத்தை 1911-ல் திருத்தி, சென்னை மாகாணத்துக்கும் கொண்டுவந்தார்கள். சனங்கள் அதற்கு வைத்த பேர் ரேகைச் சட்டம். பதிவானவன் விரல் ரேகையை எப்போது கேட்டாலும் கொடுக்கணும். பெற்றவர்களிடமிருந்து பிள்ளைகளைப் பிரித்துத் தொழிற்பள்ளியில் அடைக்கவும் அதில் வழி இருந்தது. ஊரார் கையைப் பிடித்து ரேகை பார்த்துக் குறி சொன்னவளின் சனத்திடம் ரேகையைப் பிடுங்கிக்கொண்டது சர்க்கார். ஏகலைவனிடம் கேட்டது ஒரு கட்டைவிரல். இங்கே மொத்த சனத்தின் விரலையும் கேட்டார்கள்.

இன்னொன்றையும் கேட்க வேண்டும். எழுத்தும் மந்திரமும் எப்படித் திருட்டுப் பொருளாகும்? ஒருத்தன் கற்றுக்கொண்டால் இன்னொருத்தனிடம் குறைந்தா போகும்? குறையாது. ஆனாலும் வேதத்தைக் கேட்ட சூத்திரன் காதில் உருக்கிய ஈயத்தையும் அரக்கையும் ஊற்றச் சொன்னது கௌதம தர்மசூத்திரம். கற்றுக்கொள்வதையே களவாக்கியவன்தான் இந்தக் கதைக்கு மூலவன். 'மந்திர எழுத்தைத் திருடிய கீழ்மக்கள்' என்று எங்கே படித்தாலும், பூட்டு போட்டவன் யாரென்று நாம் கேட்க வேண்டும்.

ரேகைச் சட்டம் 1952-ல் நாடு முழுக்க ஒழிந்தது. அந்த இடத்தில் 'வழக்கமான குற்றவாளி' சட்டங்கள் வந்து உட்கார்ந்தன. சிறை விதிகளில் சாதி பார்ப்பது செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 2024 அக்டோபர் 3-ல்தான் சொன்னது. அந்த விதிகளில் நாடோடிகளைப் பிறவிக் குற்றவாளிகளாகப் பார்த்த வரிகளைப் பற்றியும் தீர்ப்பு பேசியது. சுதந்திரம் வந்து 77 வருஷம் கழித்து.

கதை எழுதுகிறவர்களே, டிராகனுக்குக் கூட நியாயம் செய்கிறீர்கள். கூண்டு வண்டிக்காரன் திருடன் என்று எழுதுமுன் ஒரு தரம் யோசியுங்கள். நீங்கள் பொழுதுபோக்குக்கு எழுதும் அந்த வரியைத்தான் போலீசு ஸ்டேஷன் பதிவேட்டிலும் எழுதி வைத்தார்கள். எங்க விரலு எங்ககிட்ட இருக்கட்டும். இனி எங்க கதையை நாங்களே எழுதிக்கிறோம்.