பரண்மேல் இருக்கும் பாட்டுப் புத்தகம்

போகிப் பண்டிகை நெருங்கிவிட்டால் போதும், நம் வீடுகளில் எங்கிருந்துதான் அத்தனை சுறுசுறுப்பு வருமோ! பரணிலிருந்து தகர டிரங்குப் பெட்டி இறங்கும். உடைந்த முறமும் கரையான் அரித்த பாயும் வாசலுக்குப் போகும். பெட்டியின் அடியில் பழுப்பேறிக் கிடக்கும் காகிதக் கட்டு, பழைய பேப்பர்காரரின் தராசுக்குப் போகும். சகோதரிகளே, அந்தக் கட்டைத் தராசில் வைப்பதற்கு முன்னால் ஒரு நிமிஷம் பொறுங்கள். பாட்டி பத்திரப்படுத்தி வைத்த சினிமாப் பாட்டுப் புத்தகம் ஒன்று அதற்குள் இருக்கலாம்.

"சினிமாப் பாட்டுப் புத்தகத்துக்கா இத்தனை பீடிகை?" என்று கேட்பீர்கள். விஷயம் இருக்கிறது. மதுரையிலிருந்தே ஆரம்பிப்போம்.

1937-ல் மதுரை ராயல் டாக்கி டிஸ்டிரிபியூட்டர்ஸார் 'சிந்தாமணி' என்ற படத்தை எடுத்தார்கள். டைரக்ஷன் ஒய். வி. ராவ். கதாநாயகர் எம். கே. தியாகராஜ பாகவதர்; சிந்தாமணியாக நடித்தவர் அஸ்வத்தம்மா. வேதம் படித்த பில்வமங்கள் என்பவன் தாசி சிந்தாமணியிடம் மனத்தைப் பறிகொடுத்து, கடைசியில் கண்ணனின் பக்தனாகும் கதை அது. படம் ஒரே ஊரில் ஒரு வருஷத்துக்கும் மேலாக ஓடியது. பாகவதரின் பாட்டைக் கேட்பதற்கென்றே ஜனங்கள் திரும்பத் திரும்பப் போனார்கள். வந்த லாபத்தில் மதுரையில் ஒரு கொட்டகையே எழும்பிற்று. அதற்கும் 'சிந்தாமணி' என்றே பெயர் வைத்தார்கள். படம் பெற்ற பிள்ளை என்றே அந்தக் கொட்டகையைச் சொல்லலாம்!

இன்று அந்தக் கொட்டகையில் ஆட்டம் இல்லை. படமாவது இருக்கிறதா என்றால், அதுவும் பார்க்கக் கிடைப்பதில்லை. ஊரையே ஒரு வருஷம் கட்டிப்போட்ட படத்துக்கு இந்தக் கதி.

இதே பில்வமங்களின் கதையை நமக்கு முன்பே கல்கத்தாவில் படமாக எடுத்திருக்கிறார்கள். 1919-ல் மதன் கம்பெனியார் எடுத்த அந்த 'பில்வமங்கள்' ஊமைப் படம்தான் வங்காளத்தின் முதல் முழுநீளக் கதைப் படம் என்று சொல்கிறார்கள். அதுவும் தொலைந்துதான் போயிருந்தது. அப்புறம் அதன் ஒரு துண்டு எங்கே அகப்பட்டது தெரியுமா? பாரிஸ் நகரத்துத் திரைப்படக் காப்பகத்தில்! 12,000 அடிப் படத்தில் மிஞ்சியது 594 மீட்டர்தான். ஓடினால் சுமார் 28 நிமிஷம். 2016-ல் பூனாவிலுள்ள தேசியத் திரைப்படக் காப்பகம் அதன் நகலை வாங்கிக்கொண்டு, பதிலுக்கு 'ஜமாய் பாபு' என்ற 1931-ஆம் வருஷத்து வங்காளப் படத்தின் நகலைக் கொடுத்தது. 'ஜமாய் பாபு' என்றால் மாப்பிள்ளை. பாரிஸுக்கு மாப்பிள்ளையை அனுப்பி நம் வீட்டுப் பிள்ளையை மீட்டு வந்தோம்!

படங்கள் எப்படித்தான் தொலைகின்றன? திருடன் வந்து தூக்கிக்கொண்டு போவதில்லை. 1950-ஐ ஒட்டிய காலம் வரை படச்சுருள்களை நைட்ரேட் என்ற சரக்கில் செய்தார்கள். அது கற்பூரம்போலப் பற்றிக்கொள்ளும். பற்றிவிட்டால் தண்ணீர் ஊற்றினாலும் அணையாது. எரியாமல் பிழைத்தாலும் நாளடைவில் பிசுபிசுத்து, பிறகு பொடியாக உதிர்ந்துவிடும். அதற்குப் பிறகு வந்த அசிடேட் சுருளில் தீப் பயம் குறைவு. ஆனால் ஈரமும் உஷ்ணமும் சேர்ந்தால் அது காடிபோலப் புளித்து நாறும். சுருங்கி வளைந்து, எதற்கும் உதவாமல் போகும். மதுரை வெயிலில் தகர டப்பாவுக்குள் கிடந்தால் கேட்கவா வேண்டும்?

மூன்றாவது எதிரி நம்முடைய கைதான். கறுப்பு வெள்ளைப் படச்சுருளில் வெள்ளி இருக்கிறது. கிழிந்த பட்டுப் புடவையின் ஜரிகையை உருக்கி வெள்ளி எடுப்பதில்லையா? அதேபோல, ஓடி முடிந்த படங்களையும் வெள்ளிக்காகக் கரைத்துவிட்டார்கள். இந்தியாவின் முதல் பேசும்படமான 'ஆலம் ஆரா'வின் சுருள்களும் இந்த வழியில்தான் போயின என்று பி. கே. நாயர் வருத்தத்தோடு சொல்லியிருக்கிறார். பூனாக் காப்பகம் 1964-ல் தொடங்கியதிலிருந்து ஊர் ஊராக அலைந்து படங்களைச் சேர்த்தவர் அவர். 2016-ல் காலமானார்.

அவரை மீறியும் நஷ்டம் நஷ்டம்தான். ஊமைப் பட காலத்தில் சென்னை ராஜதானியில் எடுத்த கதைப் படங்கள் 124 என்று கணக்கு. மிஞ்சியது ஒன்றே ஒன்று: 'மார்த்தாண்ட வர்மா'. அது மிஞ்சியதும் தற்செயல். நாவலின் உரிமை தங்களுடையது என்று திருவனந்தபுரத்துப் புத்தகக் கம்பெனியார் வழக்குப் போட்டார்கள், படம் முடங்கியது, சுருள்கள் புத்தகக் கம்பெனியிலேயே தங்கிவிட்டன. 1974-ல் நாயர் அவற்றைக் காப்பகத்துக்குக் கொண்டுவந்தார். வழக்கினால் குடும்பம் கெட்டதைக் கேட்டிருக்கிறோம்; படம் பிழைத்ததை இங்கேதான் பார்க்கிறோம்! 1931-ல் வந்த நம் முதல் பேசும்படமான 'காளிதாஸ்' அந்த அதிர்ஷ்டம்கூடச் செய்யவில்லை. டி. பி. ராஜலட்சுமியை அதில் இனி யார் பார்க்க முடியும்?

மனசு வைத்தால் எவ்வளவு தூரம் மீட்கலாம் என்பதற்கும் வங்காளத்திலிருந்தே உதாரணம் உண்டு. சத்யஜித் ரேயின் 'பதேர் பாஞ்சாலி' 1955-ல் வந்தது. அதன் மூலச் சுருள் 1993-ல் லண்டனில் நடந்த தீவிபத்தில் கருகிற்று. கருகியதைக் குப்பையில் போடாமல் யாரோ எடுத்து வைத்தார்கள். பல வருஷங்களுக்குப் பின் இத்தாலியில் போலோன்யா நகரத்துத் தொழிலாளிகள் அந்தச் சுருளை ஊறவைத்து, பிரித்து, கிழிசலைக் கையாலேயே ஒட்டினார்கள். சுமார் 40 சதவிகிதம் தேறியது. மீதிக்கு நல்ல நகல்களைச் சேர்த்தார்கள். 2015-ல் துர்காவும் அப்புவும் மறுபடி புத்தம் புதிதாகத் திரையில் ஓடினார்கள்.

அது பெரிய இடத்து வைத்தியம். நம் வீட்டில் செய்யக்கூடிய கைவைத்தியமும் இருக்கிறது. காரைக்குடிக்குப் பக்கத்தில் கோட்டையூரில் ரோஜா முத்தையா என்று ஒருவர் இருந்தார். பெயர்ப்பலகை எழுதும் தொழில். பிறர் வேண்டாமென்று ஒதுக்கிய புத்தகங்கள், நோட்டீஸ்கள், பாட்டுப் புத்தகங்கள் எல்லாவற்றையும் சேர்த்துச் சேர்த்து வீட்டை நிரப்பினார். 1992-ல் அவர் காலமான பிறகு, அந்தச் சேகரத்தைக் கொண்டு 1994-ல் சென்னையில் அவர் பெயராலேயே ஓர் ஆராய்ச்சி நூலகம் அமைந்தது. இன்று பழைய தமிழ் சினிமாவைப் பற்றி எழுத நினைப்பவர்கள் அங்கேதான் போய் நிற்கிறார்கள்.

ஆகவே பெட்டியைத் திறந்து பாருங்கள். பாட்டுப் புத்தகமோ, கொட்டகை நோட்டீஸோ இருந்தால் பிளாஸ்டிக் டேப் ஒட்டாதீர்கள், லாமினேஷனும் வேண்டாம். சுத்தமான பருத்தித் துணியில் சுற்றி, ஈரம் படாத இடத்தில் வையுங்கள். தொடர்கதைக்காகப் பைண்டு செய்த பழைய பத்திரிகைகளையும் புரட்டுங்கள். கல்கியின் 'தியாகபூமி' ஆனந்த விகடனில் வந்தபோது சினிமாப் படங்களோடுதான் வந்தது. 1939-ல் வெளியான அந்தப் படத்தைப் பிரிட்டிஷ் சர்க்கார் தடை செய்தது. கல்யாணப் படச்சுருளில் காடி நாற்றம் அடித்தால் மற்றவற்றிலிருந்து பிரித்து வைத்து, சீக்கிரம் நகல் எடுத்துவிடுங்கள். கொடுக்க மனம் வந்தால் நூலகத்துக்குக் கொடுங்கள். மனம் வராவிட்டால் படம் பிடித்தாவது அனுப்புங்கள்.

காகிதத்தைவிட அவசரமானது ஒன்று உண்டு. 1952 தீபாவளிக்கு மதுரை மேலப்பெருமாள் மேஸ்திரி வீதியில் தங்கம் தியேட்டர் 'பராசக்தி'யோடு திறந்தது. 2,500 பேருக்கு மேல் உட்காரக்கூடிய பிரம்மாண்டம். இன்று இடிபட்டு மறைந்துவிட்டது. அன்று அங்கே பத்து வயதுச் சிறுமியாக உட்கார்ந்திருந்தவருக்கு இப்போது எண்பது தாண்டிவிட்டது. அவர் உங்கள் வீட்டுக் கூடத்தில்தான் சாய்ந்திருக்கிறாரோ என்னவோ! யாரோடு போனார், பெண்கள் பக்கம் எப்படி இருந்தது, எந்தக் கட்டத்தில் அழுதார் என்று கேட்டு ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். அதை எந்தக் காப்பகமும் சேர்த்து வைக்கவில்லை.

பாட்டுப் புத்தகங்களில் கதைச் சுருக்கம் பாதியில் நிற்கும்; 'மீதியை வெள்ளித்திரையில் காண்க' என்று அச்சிட்டிருப்பார்கள். எத்தனையோ படங்களுக்கு இனி அந்த மீதி இல்லை. பாட்டி இரண்டணா கொடுத்து வாங்கி வந்த பாதிதான் இருக்கிறது. அதையாவது போகி நெருப்பில் போடாமல் இருப்போமே!