லெப்பை என்றொரு பெயர்

கோவை உக்கடத்திலோ, பல்லடத்திலோ, உடுமலையிலோ வாழும் தமிழ் முஸ்லிம் முதியவர் ஒருவரிடம் மரபு என்னவென்று கேட்டால், பெரும்பாலும் 'ராவுத்தர்' என்பார். அவர் பேரனின் சாதிச் சான்றிதழிலோ 'லெப்பை' என்றிருக்கக் காணலாம். தமிழக அரசின் பட்டியலில் இராவுத்தரும் மரைக்காயரும் லெப்பை என்னும் தலைப்பின் கீழேயே அடங்குகின்றனர். பிற்படுத்தப்பட்ட முஸ்லிம்களுக்கு 2007-இல் 3.5 விழுக்காடு தனி ஒதுக்கீடு வந்த பின்னும் அத்தொகுப்பு அவ்வாறே தொடர்கிறது.

லெப்பை என்பது என்ன சொல்? ஹஜ் பயணிகள் இறைவனின் அழைப்புக்கு விடையாக முழங்கும் 'லப்பைக்' என்னும் அரபுச் சொல்லுக்கு 'இதோ வந்தேன்' என்று பொருள். அதுவே லெப்பை ஆயிற்று என்பர் ஒரு சாரார். 'அரபி' என்பதன் திரிபே அது என்பர் மற்றொரு சாரார். முன்னதன் அழகு எம்மை ஈர்க்கிறது. ஆயினும் அழகு சான்றாகாது. வழக்கில் உறுதியாகத் தெரிவது ஒன்றுண்டு. பள்ளிவாசலில் பணிசெய்து, சிறார்க்குக் குர்ஆன் ஓதக் கற்பிப்பவரை லெப்பை என்பது நெடுநாள் வழக்கு. தொழிற்பெயர் குடிப்பெயராவது தமிழுக்குப் புதிதன்று. கடல் கடந்து இலங்கையிலும் அப்பெயர் நிலைத்தது; 1885-இல் 'அசன்பேயுடைய கதை'யைத் தந்தவர் சித்திலெப்பை.

இராவுத்தர் என்பதோ அரபுச் சொல்லே அன்று. 'ராஜபுத்திர' என்னும் வடசொல்வழி வந்ததென்பர். குதிரைவீரன் என்பது பொருள். அருணகிரிநாதர் மயிலேறும் முருகனையே இராவுத்தன் என விளித்திருக்கிறார். லகரமும் ரகரமும் மொழிக்கு முதலில் வாரா என்பதால் இரண்டு பெயர்களுக்கும் இகரம் சேர்த்து 'இலெப்பை' என்றும் 'இராவுத்தர்' என்றும் எழுதிக்கொண்டது தமிழ். வந்த சொல்லை வாசலில் நிறுத்தாமல், தன் இலக்கணத்தை உடுத்தி உள்ளே அழைத்த மொழி இது.

மொழி காட்டிய அந்தப் பெருந்தன்மையை மனிதர் காட்டினோமா? 1998 பிப்ரவரிக் குண்டுவெடிப்புகளுக்குப் பின், இந்நகரில் வாடகைக்கு வீடு தேடியவர்களுள் பெயரைச் சொன்னதுமே மறுக்கப்பட்டோர் உண்டு. பெயர் அரபு என்றால் ஆளும் அயலான் என்னும் எண்ணமே அதன் அடியில் இருந்தது. முருகனுக்குச் சூட்டிய பெயரைத் தாங்கியவர் எவ்வாறு அயலாராவார்?

ஒதுக்கீட்டின் பயன் கருதி மூன்று பிரிவினரையும் ஒரே தொகுப்பில் வைத்ததை யாம் குறைகூறவில்லை. அது அப்படியே இருக்கட்டும். சான்றிதழில் மட்டும் இராவுத்தரை இராவுத்தர் என்றும், மரைக்காயரை மரைக்காயர் என்றும் தெளிவாகக் குறித்தால் யாருக்கும் இழப்பில்லை. இன்றேல் இன்னும் இரு தலைமுறையில் பாட்டனின் பெயர் பேரனுக்குப் புரியாத சொல்லாகிவிடும். சொற்களை நேசிக்கும் நாமாவது, ஒரு பெயரைக் கேட்டதும் 'எங்கிருந்து வந்தவர்' என்று வினவும் முன், அப்பெயர் நம்மிடையே எத்தனை காலம் வாழ்ந்திருக்கிறது என்று எண்ணிப் பார்ப்போமாக.