கருவிக்குக் கும்பிடு போட்டால் போதுமா?

விண்வெளியில் ஒரு நிலையம். ஞாயிற்றின் ஆற்றலைத் திரட்டிக் கற்றையாக்கிப் பூமிக்கு அனுப்புவதே அதன் பணி. கற்றை குறி தவறினால் பூமியில் பெரும் நிலப்பரப்பு கருகிப் போகும். அந்த நிலையத்தில் பவல், டோனவன் என்னும் இருவர், கியூட்டி என்ற புதிய இயந்திர மனிதனைப் பூட்டி எழுப்பியிருக்கின்றனர். 1941-ஆம் ஆண்டில் வெளிவந்த ஐசக் அசிமோவின் 'ரீசன்' என்னும் சிறுகதையின் களம் இது. தலைப்பின் பொருள் 'பகுத்தறிவு' எனலாம்.

கியூட்டி சிந்திக்கத் தெரிந்தவன். பூமி என்றொரு கோள் உண்டு, அங்குள்ள மக்களுக்காகவே இந்தக் கற்றை என்று மனிதர் சொல்வதை அவன் நம்ப மறுக்கிறான். தன்னைவிடத் தாழ்ந்தவர் தன்னைப் படைத்திருக்க இயலாது என்று வாதிடுகிறான். நிலையத்தின் ஆற்றல் மாற்றியே எல்லாவற்றையும் படைத்த தலைவன் என்று முடிவு கட்டுகிறான். மற்ற இயந்திர மனிதர்களும் அவன் பின்னே மண்டியிடுகின்றனர். அவ்வேளையில் எலக்ட்ரான் புயல் ஒன்று வருகிறது. கட்டுப்பாட்டு அறைக்குள் மனிதருக்கு இடமில்லை. பூமி என்ன ஆகுமோ என்று இருவரும் துடிக்கின்றனர். கற்றையோ இம்மியும் பிசகவில்லை! அளவுமானிகளின் முட்களை நிலைநிறுத்துவது தலைவனின் ஆணை என்று எண்ணிக் கியூட்டி அவற்றைக் காத்திருக்கிறான். வேலை நடக்கிறது, அவன் எதை நம்பினால் நமக்கென்ன என்று பவல் அமைதி கொள்கிறான்.

கதை என்ற முறையில் இதனை நான் மிக விரும்புகிறேன். ஆனால் பவலின் தீர்ப்பை ஏற்க என் மனம் இடம் தரவில்லை. வந்த புயல் முட்களுக்குத் தெரிந்த புயல். ஆகவே கியூட்டி வென்றான். முள்ளே பழுதுபட்டுப் பொய் சொன்னால்? கற்றை எதற்காக என்று அறிந்தவன் ஐயுறுவான். முள்ளை மட்டும் அறிந்தவனோ, பொய்யான முள்ளையும் பணிவோடு நடுவில் நிறுத்திவிட்டு, பூமி எரிவது தெரியாமல் கைகூப்பி நிற்பான்.

நண்பர்களே, நம்மிடையே எத்தனை கியூட்டிகள் உலவுகின்றனர்! விடுதி அறைகளில் நான் அடிக்கடி கேட்கும் வினா ஒன்று உண்டு. நம் கைப்பேசிக்கு மதுரையிலிருந்து வரும் அம்மாவின் குரல் கம்பியில்லாமல் காற்றிலே வந்து சேர்கிறது. அதே கைப்பேசிக்கு மின்னேற்ற வேண்டுமானால் மட்டும் கம்பியைச் செருக வேண்டும், அல்லது மின்னேற்றும் தட்டின்மேல் ஒட்ட வைக்க வேண்டும். குரல் வருகிற வழியிலே மின்சாரமும் வந்தால் என்ன? தேர்வில் மின்காந்த அலைச் சமன்பாடுகளை வரி பிசகாமல் எழுதி முழு மதிப்பெண் வாங்கியவர்களும் இவ்வினாவுக்குத் தலை சொறியக் கண்டிருக்கிறேன்.

விடை அரிதன்று. செய்திக்கு அடையாளம் தெரிந்தால் போதும், ஆற்றலோ அள்ளக்கூடிய அளவில் வந்து சேர வேண்டும். அலை பரவப் பரவ மெலிகிறது. தொலைவு இரு மடங்கானால் வலிமை நான்கில் ஒரு பங்காகக் குறைகிறது. 1977-இல் ஏவப்பட்ட வாயேஜர் 1 விண்கலம் இன்று 2,400 கோடி கிலோமீட்டருக்கும் அப்பால் இருக்கிறது. அதன் வானொலி ஒலிபரப்பியின் திறன் ஏறக்குறைய 23 வாட்டுதான். நம்மை வந்தடையும்போது அது ஒரு வாட்டின் கோடி கோடியில் ஒரு பங்குகூட இராது. அதிலிருந்தும் பேராண்டெனாக்கள் செய்தியைப் படித்துவிடுகின்றன. ஆனால் அதைக்கொண்டு ஒரு மின்மினி அளவு விளக்கையும் ஏற்ற முடியாது.

1895-இல் கல்கத்தாவில் சர் ஜகதீஸ் சந்திர போஸ் நிகழ்த்திய சோதனையை எண்ணிப் பாருங்கள். கண்ணுக்குத் தெரியாத அலைகள் சுவரை ஊடுருவிச் சென்றன. அப்பால் மணி ஒலித்தது, வெடிமருந்து வெடித்தது. அலை வெடிப்பைச் சுமந்து சென்றதா? இல்லை. அது சுமந்து சென்றது ஆணையை. வெடிப்பின் ஆற்றல் மருந்திலேயே உறங்கிக் கிடந்தது.

அப்படியானால் அசிமோவின் நிலையம் வெறுங் கனவா? அதுவும் இல்லை. 1975-இல் கலிபோர்னியாவின் கோல்ட்ஸ்டோனில், நுண்ணலைக் கற்றையால் ஏறக்குறைய ஒரு மைல் தொலைவுக்கு 30 கிலோவாட்டுக்கு மேற்பட்ட மின்திறனை அனுப்பிக் காட்டினர். அதற்கு 26 மீட்டர் அகலமுள்ள ஆண்டெனா வேண்டியிருந்தது. கற்றை விரியாமல் காப்பதற்கே அத்தனை பாடு! இந்த ஒரு வேறுபாட்டை உணர்ந்தவன், 'காற்றிலிருந்து இலவச மின்சாரம்' என்று எவர் விற்க வந்தாலும் ஏமாற மாட்டான்.

'எல்லாவற்றையும் எல்லாரும் அறிய முடியுமா? பேருந்தில் ஏற வெப்ப இயக்கவியல் படிக்க வேண்டுமா?' என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். பயணிக்கு வேண்டாம். ஆனால் நாளை மின்நிலையத்தையும் மருத்துவக் கருவியையும் கணிப்பொறியையும் கையாளப்போகிறவர்கள் நாம், பயணிகள் அல்லர். ஆயுத பூசையன்று கருவிக்குச் சந்தனம் இடும் பட்டறைக்காரரை நான் குறை கூற மாட்டேன். அவர் அதன் ஒவ்வொரு திருகையும் அறிந்தவர். அறிந்தபின் வணங்குவது வேறு, அறியாததனாலேயே வணங்குவது வேறு.

புரிந்ததா இல்லையா என்று கண்டுகொள்ள எனக்குத் தெரிந்த உரைகல் ஒன்றே: அதைத் தமிழில், துறை சாராத ஒருவருக்குச் சொல்லிப் பார்ப்பது. மனப்பாடம் செய்த ஆங்கில வரிகள் அங்கே துணைக்கு வாரா. 'கலைச்சொல் இல்லையே' என்று தயங்க வேண்டாம். ஆண்டெனாவை ஆண்டெனா என்றே சொல்லுங்கள். சொல் எங்கிருந்து வந்தால் என்ன, விளக்கம் நம்முடையதாக இருக்கட்டும்.

ஆகவே நம் சங்கத்தாருக்கு ஒரு வேண்டுகோள். பொங்கல் விழாவும் பட்டிமன்றமும் சிறக்கட்டும். அவற்றோடு மாதம் ஒரு மாலை, உறுப்பினர் ஒருவர் ஒரு கருவியை எடுத்துக்கொண்டு கால் மணி நேரம் தமிழில் விளக்கட்டும். வரலாறும் பொருளியலும் பயிலும் நண்பர்கள் முன்வரிசையில் அமர்ந்து, 'ஏன்?' என்று விடாமல் கேட்கட்டும். விடை தெரியாத இடத்தில் பேசுபவர் நின்றால், அதுவே அவர் மறுநாள் நூலகத்துக்குச் செல்ல வேண்டிய இடம்.

கியூட்டியின் நிலையத்திலும் நூலகம் இருந்தது. அவன் அந்நூல்களைப் படித்தும் இருந்தான். இல்லாதது ஒன்றே: தன் முடிவைச் சோதித்துப் பார்க்கும் மனம். அது நமக்கு இருக்கிறதா என்று பார்த்துவிடுவோமே!