சுவரில் யாருடைய பெயர்?

வடஇந்தியப் பல்கலைக்கழகம் ஒன்றில் ஆய்வு மாணவனாக இருக்கிறேன். எங்கள் விடுதியில் தங்கி முனைவர் பட்ட ஆய்வு மேற்கொண்டிருந்த நண்பர் ஒருவர் ஈராண்டுகளுக்கு முன் நோயுற்று மறைந்தார். அவர் மாலைதோறும் அமர்ந்து படித்த வேப்பமரத்தடியில் ஒரு கல்லிருக்கை அமைத்து, அதில் அவர் பெயரைப் பொறிக்க அனுமதி கோரினோம். செலவு எங்களுடையது. 'ஒருவருக்கு அளித்தால் அனைவருக்கும் அளிக்க நேரிடும்' என்ற ஒற்றை வரியுடன் விண்ணப்பம் திரும்பி வந்தது.

அவ்வரியில் உள்ள அச்சம் எனக்கு விளங்காமலில்லை. பெயர் பொறிப்பது ஒரு நிறுவனத்திற்கு எளிய செயலன்று. எவர் பெயர், எந்த மொழியில், எந்தச் சுவரில், எவருடைய பெயருக்கு அருகில் என்று வினாக்கள் தொடர்ந்து எழும். இவ்வினாக்கள் அனைத்தையும் எதிர்கொண்டு, சிலவற்றில் தவறி, சிலவற்றைக் காலந்தாழ்த்தித் திருத்திக்கொண்ட ஒரு கட்டடம் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் இருக்கிறது. நம்மில் பலருக்குத் தமிழ் இருக்கையின் வாயிலாகவே அப்பல்கலைக்கழகம் நெருக்கமாயிற்று. அதன் நடுமுற்றத்தில் நிற்கும் நினைவுத் தேவாலயத்தைப் பற்றி நாம் பேசியதில்லை. நான் அங்குச் சென்றதில்லை. படித்தறிந்ததைக் கொண்டே எழுதுகிறேன்.

அவ்விடத்தில் முன்பு நின்றது 1858இல் எழுப்பப்பட்ட ஆப்பிள்டன் சிற்றாலயம். மாணவர்கள் நாள்தோறும் வழிபாட்டிற்கு வந்தே ஆகவேண்டும் என்ற விதியை ஹார்வர்டு 1886இல் கைவிட்டது. விரும்பியவர் வரலாம் என்றான பிறகு அங்கே பெரியதொரு ஆலயத்திற்குத் தேவை இருந்ததா என்பதே ஐயத்திற்குரியது. ஆயினும் முதல் உலகப் போர் முடிந்தபின், 1909 முதல் 1933 வரை பல்கலைக்கழகத் தலைவராக இருந்த அபட் லாரன்ஸ் லோவெல், போரில் மாண்ட ஹார்வர்டு மாணவர்களுக்கான நினைவகம் ஒரு தேவாலயமாகவே அமையவேண்டும் என்று உறுதியாக நின்றார். எதிர்ப்பு பலமாக இருந்தது. கிறித்தவர் அல்லாதோரும் பயிலும் இடத்தில் பொது நினைவகம் ஏன் கிறித்தவ ஆலயமாக இருக்கவேண்டும் என்று கேட்டனர். இன்னும் பயனுள்ள கட்டடம் ஒன்றை எழுப்பலாமே என்றும் கேட்டனர். லோவெல் அசையவில்லை. 1932ஆம் ஆண்டு நவம்பர் 11, போர் நிறுத்த நாளன்று ஆலயம் அர்ப்பணிக்கப்பட்டது.

அதற்கு நேரெதிரே நிற்பது வைட்னர் நூலகம். டைட்டானிக் கப்பலில் மாண்ட பழைய மாணவர் ஒருவரின் நினைவாக அவருடைய தாய் கட்டித்தந்தது. ஆக, முற்றத்தின் இருபுறமும் துக்கத்தின் கட்டடங்களே. பட்டமளிப்பு விழா இவ்விரண்டிற்கும் இடையேதான் நடைபெறுகிறது. மகிழ்ச்சியான நாளுக்கு இப்படியோர் இடம் வாய்த்தது தற்செயலாகத்தான் இருக்கவேண்டும்.

ஆலயத்தின் நினைவு அறையில் 373 பெயர்கள் பொறிக்கப்பட்டுள்ளன. அங்கே மல்வினா ஹாஃப்மன் என்னும் சிற்பி வடித்த 'தியாகம்' என்ற சிலையும் இருக்கிறது. இறந்து கிடக்கும் சிலுவைப்போர் வீரன் ஒருவனின் தலையைப் பெண்ணொருத்தி மடியில் தாங்கியிருக்கிறாள். 1914க்கும் 1918க்கும் இடையே இயந்திரத் துப்பாக்கிக்கும் நச்சுப்புகைக்கும் இரையான மாணவர்களைச் சிலுவைப்போர் வீரர்களாக உருவகித்தது எனக்கு நெருடலாகவே உள்ளது. யூத மாணவர்களும் பயின்ற ஒரு பல்கலைக்கழகம் அவ்வுருவகத்தைத் தேர்ந்தது கூடுதல் நெருடல்.

அந்த 373 பேரில் இல்லாதவர்களைப் பற்றித்தான் முதல் சச்சரவு எழுந்தது. ஹார்வர்டில் பயின்று, ஜெர்மனியின் தரப்பில் போரிட்டு மாண்டவர்களும் இருந்தனர். அவர்களும் இப்பல்கலைக்கழகத்தின் பிள்ளைகள் அல்லரா என்று கேட்டவர்கள் இருந்தனர். நினைவகம் ஆலயமாக இருப்பதால் கேள்வி மேலும் கூர்மை பெற்றது. பகைவரையும் நேசிக்கச் சொல்லும் சமயத்தின் பீடத்தருகே பகைவரென்று சிலரை வாசலுக்கு வெளியே நிறுத்த முடியுமா? இறுதியில் ஓர் உடன்பாடு காணப்பட்டது. ஜெர்மானியர் நால்வரின் பெயர்கள் நினைவு அறையில் மற்றவர்களோடு சேர்க்கப்படவில்லை. ஆலயத்தினுள் தனியே ஒரு பலகை வைக்கப்பட்டது. எதிரெதிர்க் கொடிகளின்கீழ் நின்று தத்தம் நாட்டுக்காக உயிர்நீத்த தன் மைந்தரைப் பல்கலைக்கழகம் மறக்கவில்லை என்பது அதன் பொருள். அது லத்தீனில் எழுதப்பட்டது.

லத்தீன் அப்பல்கலைக்கழகத்தின் மரபு மொழி என்பதை அறிவேன். இருந்தும் எனக்கு இப்படித் தோன்றுகிறது: பெரும்பாலோருக்கு விளங்காத மொழியில் சொல்லப்பட்டதால்தான் அந்த வாசகம் சுவரில் நிற்க அனுமதிக்கப்பட்டது. சொல்லவேண்டியதைச் சொல்லவும் வேண்டும், யாரும் கேட்டுவிடவும் கூடாது என்னும் நிலையில் நிறுவனங்கள் இத்தகைய மொழியைத் தேடிச் செல்கின்றன. நம் பல்கலைக்கழகங்களின் சுற்றறிக்கை ஆங்கிலத்தைப் படித்துப் பழகியவர்களுக்கு இதை விரிவாகச் சொல்லத் தேவையில்லை.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் நிகழ்ந்தது இதனினும் விந்தையானது. 1924-25இல் ஹார்வர்டு இறையியல் பள்ளியில் பயின்ற அடோல்ஃப் சன்வால்டு ஜெர்மானியப் போதகர். நாசிக் கொள்கையை எதிர்த்து எழுதியவர். பின்னர் ஜெர்மன் இராணுவத்தில் கட்டாயமாகச் சேர்க்கப்பட்டு, கிழக்குப் போர்முனையில் மாண்டார். இம்முறை அவர் பெயர் தனிப்பலகைக்குச் செல்லவில்லை. அமெரிக்க வீரர்களின் பெயர்களோடு அதே சுவரில் இடம்பெற்றது, எதிரித் தரப்பில் மாண்டவர் என்னும் குறிப்போடு. நாசிகளை எதிர்த்த ஒருவரை அச்சொல்லால் குறித்தது கொடுமை என்று ஒருபுறம் தோன்றுகிறது. மறுபுறம், முந்தைய பலகையைவிட இதுவே நேர்மையானது என்றும் தோன்றுகிறது. பெயரும் உண்டு, முரணும் உண்டு, இரண்டும் படிக்கத்தக்க மொழியில் உண்டு. நான் இரண்டாவதன் பக்கமே சாய்கிறேன்.

அப்படியெனில் எல்லோர் பெயரையும் எழுதிவிடலாமா? இங்கேதான் வழக்கமான தாராளவாத விடையோடு எனக்கு உடன்பாடில்லை. ஆலயத்திலிருந்து சற்றுத் தொலைவில், 1870களில் எழுப்பப்பட்ட நினைவு மண்டபம் இருக்கிறது. அமெரிக்க உள்நாட்டுப் போரில் ஒன்றியத்தின் தரப்பில் மாண்ட 136 ஹார்வர்டு மாணவர்களின் பெயர்கள் மட்டுமே அதில் உள்ளன. அடிமைமுறையைக் காக்க எழுந்த தென்மாநிலக் கூட்டமைப்புக்காகப் போரிட்டு மாண்ட ஹார்வர்டு மாணவர்களுக்கு அங்கே இடமில்லை. யேல் பல்கலைக்கழகம் இரு தரப்பினரையும் ஒரே இடத்தில் சேர்த்தது. ஜெர்மானியருக்கு இடமளித்தவர்கள் சொந்த நாட்டவரை விலக்குவதா என்று ஹார்வர்டில் பலமுறை கேட்கப்பட்டதுண்டு. என் கருத்தில் இரண்டும் ஒன்றல்ல. மாணவனுக்காகத் துக்கம் காப்பது வேறு, அவன் ஏந்திய கொள்கைக்கு மரியாதை செலுத்துவது வேறு. அந்த மண்டபம் ஒன்றியத்தின் கொள்கைக்காகவே எழுப்பப்பட்டது. அடிமைப்பட்டவர்களின் வழித்தோன்றல்கள் கடந்துசெல்லும் அக்கூடத்தில், அவர்களை அடிமைகளாகவே வைத்திருக்கப் போரிட்டவர்களின் பெயர்களைச் சேர்ப்பது சமரசம் ஆகாது. துக்கம் காக்க வேறு இடம் தேடிக்கொள்ளலாம்.

சரி, இவ்வாலயத்தை எழுப்பிய லோவெல் யார்? முதலாண்டு மாணவர் விடுதிகளில் கறுப்பின மாணவர்கள் தங்கக்கூடாது என்றவர். 1922இல் யூத மாணவர் எண்ணிக்கைக்கு வரம்பு விதிக்க முயன்றவர். அவர் தலைமையில்தான் 1920இல் தன்பாலின ஈர்ப்புடைய மாணவர்கள் ரகசிய விசாரணைக்கு உட்படுத்தப்பட்டு வெளியேற்றப்பட்டனர். அக்கோப்புகளை மாணவர் நாளிதழ் வெளிக்கொணர 2002 வரை காத்திருக்கவேண்டியிருந்தது. கறுப்பினத்தவர், யூதர், தன்பாலீர்ப்பினர் என்று அவர் விலக்க முனைந்த ஒவ்வொருவரும் பின்னர் அவருடைய ஆலயத்தின் வாசலுக்கே வந்து சேர்ந்தனர் என்பதை எண்ணிப் பார்க்கிறேன்.

முதலில் வந்தவர்கள் யூதர்கள். அவ்வாலயத்தில் கிறித்தவம் அல்லாத திருமணச் சடங்குகளுக்கு இடமில்லை என்பது 1958இல் மாணவர் நாளிதழின் வாயிலாகப் பொது விவாதத்திற்கு வந்தது. அப்போதைய தலைவர் நேத்தன் பியூசி அவ்விதியை ஆதரித்தே பேசினார். பேராசிரியர்கள் குழுவாகச் சென்று எதிர்த்தனர். நிர்வாகம் இறங்கி வந்து, தனிப்பட்ட சடங்குகளைப் பிற சமயத்தாரும் அங்கே நடத்தலாம் என்றது. சில வாரங்களில் முடிந்த சச்சரவுதான். ஆனால் 1932இல் லோவெலிடம் எழுப்பப்பட்டு விடையின்றிப் போன கேள்வியே மீண்டும் வந்தது, இம்முறை விடையோடு திரும்பியது.

பிறகு பீட்டர் கோம்ஸ். கறுப்பினத்தவர், பாப்திஸ்து போதகர். 1974 முதல் 2011இல் மறையும்வரை அவ்வாலயத்தின் தலைமைப் போதகர். ரீகனின் இரண்டாம் பதவியேற்பு விழாவில் ஆசிமொழி கூறிய அளவுக்குப் பழமைவாதிகளுக்கு உகந்தவர். 1991இல் மாணவர் இதழ் ஒன்று தன்பாலீர்ப்பைத் தாக்கி எழுதியபோது, மாணவர்களின் எதிர்ப்புக் கூட்டத்தில் தாமும் தன்பாலீர்ப்புடையவர் என்று அறிவித்தார். பதவி விலகவேண்டும் என்று குரல்கள் எழுந்தன. விலகவில்லை. லோவெலின் விடுதியில் தங்கவும் இயலாதிருந்திருக்கக்கூடிய ஒருவர், லோவெலின் ஆலயத்தில் முப்பத்தாறு ஆண்டுகளுக்கு மேல் பிரசங்கித்தார். வார நாள்களில் காலை வழிபாடு பதினைந்து நிமிடமே. அதில் சிற்றுரை ஆற்றப் பேராசிரியர்களும் மாணவர்களும் அழைக்கப்படுகின்றனர், பிற சமயத்தவரும் உண்டு. கட்டியவரின் நோக்கம் ஒரு கட்டடத்தை எவ்வளவு காலம் ஆளமுடியும் என்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு எனக்குத் தெரியவில்லை.

ஒன்று எஞ்சியிருந்தது. முதல் உலகப் போரில் மாண்ட ராட்கிளிஃப் மகளிர் கல்லூரி மாணவியர் மூவருக்கு 2001இல்தான் அங்கே பலகை வைக்கப்பட்டது. எழுபது ஆண்டுத் தாமதம். அவர்களில் ஒருவர் ரூத் ஹோல்டன், தொல்தாவரவியல் ஆய்வாளர். இங்கிலாந்தில் ஆய்வு செய்துகொண்டிருந்தவர், போர்க்கால மருத்துவக் குழுவோடு ரஷ்யா சென்று 1917இல் அங்கேயே நோயுற்று இறந்தார். அதே ஆண்டில் வெளியான அவருடைய கட்டுரை இந்தியாவில் கிடைத்த தொல்காலத் தாவரத் தண்டுகள் இரண்டின் உள்ளமைப்பைப் பற்றியது. நம் நாட்டுத் தொல்தாவரவியல் ஆய்வுகளில் அக்கட்டுரை இன்றும் மேற்கோள் காட்டப்படுகிறது. அடிக்குறிப்பில் அப்பெயரைக் கடந்துசெல்பவர்களில் எத்தனை பேருக்கு அவர் முடிவு தெரியும்?

எங்கள் நண்பரும் தாவரவியல் ஆய்வாளரே. ரூத் ஹோல்டன் என்னும் பெயரை எனக்கு முதலில் சொன்னவரும் அவர்தான், அந்த வேப்பமரத்தடியில். அவருடைய ஆய்வேடு முக்கால் பங்கு முடிந்த நிலையில் துறை அலமாரியில் இருக்கிறது. அதற்கு மேற்கோள் எண்ணும் இல்லை, அடிக்குறிப்பும் இல்லை.

விண்ணப்பத்தைத் திருத்தி எழுதியிருக்கிறோம். 'அனைவருக்கும் அளிக்க நேரிடும்' என்ற வரிக்கு விடையாக, நேரிட்டால் அளிப்பதில் என்ன தடை என்று கேட்டு, அதற்கான விதிமுறை வரைவு ஒன்றையும் இணைத்துள்ளோம். பெயர் அவருடைய தாய்மொழியிலும் இந்தியிலும் ஆங்கிலத்திலும் இருக்கும். வருகிற திங்கட்கிழமை விடுதி அலுவலகத்தில் கொடுக்கிறோம். கையொப்பமிட விரும்பும் எங்கள் வளாகத்து நண்பர்கள் ஞாயிறு மாலைக்குள் மரத்தடிக்கு வாருங்கள்.