மெதுவாய் நடப்பவர்

வேடத்திற்கு வேடம் வேறொருவராக மாறுபவரே சிறந்த நடிகர் என்பது பலரது எண்ணம். தைவான் நடிகர் லீ காங் செங் இந்த இலக்கணத்திற்குள் அடங்காதவர்.

1991இல் இயக்குநர் சாய் மிங் லியாங், தொலைக்காட்சிப் படமொன்றிற்கு இளைஞர் ஒருவரைத் தேடியபோது, தைபே நகரின் விளையாட்டுக்கூட வாயிலில் அவரைக் கண்டார். பயிற்சி ஏதுமற்ற அந்த இளைஞரின் அசைவுகள் மிக மெதுவாக இருந்தன. விரைவுபடுத்துமாறு இயக்குநர் கேட்டபோது, தம் இயல்பே அதுதான் என்றார் லீ. இறுதியில் இயக்குநர்தாம் தம் போக்கை மாற்றிக்கொண்டார். உரையாடல் குறைந்து, வெட்டின்றி நீளும் காட்சிகளே அவர்தம் படங்களின் மொழியாயின.

லீயின் கழுத்தைக் கடும்வலி மாதக்கணக்கில் வாட்டியது. நோய் தீரும்வரை படப்பிடிப்பை ஒத்திவைப்பதே திரையுலக வழக்கம். இங்கோ அந்த வலியே 1997இல் வெளிவந்த 'நதி' படத்தின் கதையாயிற்று. 2020இல் வந்த 'நாள்கள்' படத்திலும் அவர் கழுத்துக்குச் சிகிச்சை பெறுவதைக் காண்கிறோம். இடைப்பட்ட ஆண்டுகளில் அவர் முகம் மூப்படைந்ததை எந்த ஒப்பனையும் மறைக்கவில்லை.

இது நடிப்பா, சும்மா இருத்தலா என்று கேட்போர் உண்டு. கேள்வி நேர்மையானதே; இப்படங்கள் பெருந்திரளை ஈர்த்தவையும் அல்ல. ஆயினும் சும்மா இருப்பது எத்துணை அரிது என்பதைத் தமிழருக்கு எடுத்துரைக்க வேண்டியதில்லை. 'தெரு நாய்கள்' (2013) படத்தில் அவர் வீடற்ற தந்தை. வீட்டுமனை விளம்பரப் பலகையை ஏந்தி மழையில் நின்று பிழைப்பவர். ஓரிரவு, தம் பிள்ளைகள் முகம் வரைந்து பொம்மையாக்கிய முட்டைக்கோசைப் பச்சையாகக் கடித்துத் தின்று அழுகிறார். நிமிடங்கள் கழிகின்றன, ஒளிப்படக் கருவி விலகுவதில்லை. சினம், பசி, இரக்கம், நாணம் என ஒன்றன்பின் ஒன்றாக அம்முகத்தில் தோன்றி மறைகின்றன. பயிற்சியால் மட்டும் வாய்க்கும் நடிப்பன்று அது. அவ்வாண்டின் தங்கக் குதிரை விருது அவருக்குச் சிறந்த நடிகர் பட்டத்தை அளித்தது.

காஞ்சிக்கு வந்ததாகப் பாடநூல்கள் கூறும் யுவான் சுவாங்கின் பயணத்தை நினைவிற்கொண்டு, 2012 முதல் ஒரு படவரிசை தொடங்கியது. அதில் செந்நிறத் துறவாடை அணிந்த லீ, நகரத் தெருக்களில் நத்தையினும் மெதுவாக நடக்கிறார். மார்செய் நகரில் எடுத்த படத்தில் மக்கள் அவரைக் கடந்து விரைகின்றனர். துள்ளலுக்கும் வேகத்திற்கும் பெயர்பெற்ற பிரெஞ்சு நடிகர் தெனி லவான் மட்டும், சில அடிகள் பின்னால், அதே நிதானத்தில் ஒரு காலை உயர்த்துகிறார்.