கோகிலத்துக்கு ஏன் ஒரே வரி?

'ஹரிதாஸ்' (1944) என்றால் உடனே பாகவதர் பேச்சு வரும். அடுத்து டி.ஆர். ராஜகுமாரி, அவர் நம்ம தஞ்சாவூர்க்காரர். அப்புறம் பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி ஓடிய கதை. அதே படத்தில் பாகவதருக்கு மனைவியாக நடித்தது யார் என்று கேட்டுப் பாருங்கள், முக்கால்வாசிப் பேர் முழிப்பார்கள்.

என்.சி. வசந்தகோகிலம். அந்த 'என்' நாகப்பட்டினம். பிறந்தது கேரளத்து இரிஞ்ஞாலக்குடா என்றாலும் பாட்டுப் படித்தது நாகையில், கோபாலய்யரிடம். 1936-ல் குடும்பம் சென்னைக்குப் போனது. 1938-ல் மியூசிக் அகாதமி போட்டியில் வாய்ப்பாட்டில் முதல் பரிசு. 1940-ல் 'சந்திரகுப்த சாணக்யா', அதற்கடுத்து 'வேணுகானம்', 'கங்காவதார்' என்று போய் 1950-ல் 'கிருஷ்ண விஜயம்' வரை மொத்தம் ஏழு படம். 1951 நவம்பரில் காசநோயில் இறந்துவிட்டார். வயது 32 தான்.

இவரைப் பற்றி யார் எழுதினாலும் தவறாமல் ஒரு வரி வரும்: "இருந்திருந்தால் எம்.எஸ்.சுக்கு இணையாக வந்திருப்பார்." எனக்குப் பற்றிக்கொண்டு வருவது இங்கேதான். பாராட்டு மாதிரி இருக்கிறது, ஆனால் பாடியதை விட்டுவிட்டுப் பாடாததற்கு மார்க் போடுகிற வேலை இது. (நான் பி.காம். எங்கள் பாடத்தில், வராத லாபத்தை வரவில் எழுதினால் வாத்தியார் சிவப்பு மையால் கோடு போடுவார்.)

சினிமாவை மட்டும் எடுத்துக்கொண்டாலும் கணக்கு வேறு மாதிரி. எம்.எஸ். தமிழில் நடித்தது நாலே படம்: 'சேவாசதனம்', 'சகுந்தலை', 'சாவித்திரி', 'மீரா'. கோகிலம் நடித்தது ஏழு. 'சாவித்திரி'யில் எம்.எஸ். நாரதர், 'கிருஷ்ண விஜய'த்தில் கோகிலம் நாரதர். ஆனால் எம்.எஸ்.சின் சினிமா வாழ்க்கையைக் குறுகியது என்று யாரும் வருத்தப்படுவதில்லை. 'மீரா'வுக்கு அப்புறமும் அவருக்கு ஐம்பது வருஷத்துக்கு மேல் மேடை கிடைத்தது. கோகிலத்துக்குக் கிடைக்காதது திறமை இல்லை, வருஷங்கள்.

அது எவ்வளவு கிட்டத்தில் தவறிப்போனது என்று பார்த்தால் வயிறு எரிகிறது. காசநோய்க்கு ஐசோனியசிட் மாத்திரை புழக்கத்துக்கு வந்தது 1952-ல், அவர் போன மறு வருஷம். அவர் வாழ்ந்த அதே சென்னையில் 1956-ல் காசநோய் மருந்தாய்வு மையம் தொடங்கி, சானடோரியம் இல்லாமல் வீட்டில் இருந்தபடியே நோயைக் குணப்படுத்தலாம் என்று சில வருஷங்களில் உலகத்துக்கே காட்டினார்கள்.

நம்ம காவிரிக்கரைக்கும் அவருக்கும் வேறொரு தொடர்பும் உண்டு. திருவையாற்று ஆராதனையில் பெண்கள் பாட இடம் கொடுக்காத காலம் இருந்தது. பெங்களூர் நாகரத்தினம்மாள் போராடிப் போட்ட பாதை அது. பிரிந்து கிடந்த கோஷ்டிகள் ஒன்றான பிறகு, 1942 முதல் கோகிலமும் அங்கே வந்து பாடினார். இன்று தை மாதம் திருவையாற்றுக்கு பஸ் ஏறுகிற நம்மில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

நல்லவேளை, இசைத்தட்டுகள் தப்பித்தன. சீர்காழி அருணாசலக் கவிராயரின் 'ஏன் பள்ளிகொண்டீர் ஐயா' பாட்டை அவர் குரலில் தேடிக் கேளுங்கள். அந்தக் காலத்துத் தட்டில் ஒரு பக்கத்துக்கு மூணு நிமிஷம்தான், அதற்குள் பாட்டை முடிக்க வேண்டும். அவசரம் எங்காவது தெரிகிறதா?

கேட்டுவிட்டு, எம்.எஸ். பெயரை இழுக்காமல் அவரைப் பற்றி நாலு வரி எழுதுங்கள் பார்க்கலாம்.