பாதகமில்லை என்று யார் சொன்னது?

சென்னை கே.கே. நகர் சிவன் பூங்காவில் காலை நடைக்கு வருகிறவர்களின் கைபேசிகளில் ஒரு வாட்ஸ்அப் செய்தி ஆண்டுக்கணக்காகச் சுற்றுகிறது. புற்றுநோய் என்பது நோயே கிடையாதாம், வைட்டமின் பி17 குறைபாடாம். தினமும் 15 முதல் 20 ஆப்ரிகாட் கொட்டைப் பருப்பு தின்றால் சரியாகிவிடுமாம். மருந்து கம்பெனிகள்தான் இதை மூடி மறைக்கின்றனவாம். இதை முழுசாக நம்பாதவர்கள்கூட, வீட்டில் ஒருவருக்கு நோய் என்று தெரிந்ததும், "பழத்துப் பருப்புதானே, பலன் இல்லாவிட்டாலும் பாதகமில்லை" என்று வாங்கி வந்துவிடுகிறார்கள். அந்தச் செய்தியைவிட இந்தச் சமாதானம்தான் எனக்கு அதிக பயத்தைத் தருகிறது. பாதகம் உண்டு. அந்தச் செய்தி சொல்கிற அளவிலேயே உண்டு.

கசப்பான ஆப்ரிகாட் பருப்பில் அமிக்டலின் இருக்கிறது. பருப்பை மெல்லும்போது அதிலேயே உள்ள நொதி அமிக்டலினை உடைக்கத் தொடங்குகிறது. மிச்சத்தைக் குடலில் வாழும் பாக்டீரியாக்கள் உடைக்கின்றன. வெளிவருபவை சர்க்கரை, வாதுமை வாசனை தரும் பென்சால்டிஹைடு, அப்புறம் சயனைடு. ஒரு கிராம் அமிக்டலின் முழுக்க உடைந்தால் 59 மில்லிகிராம் சயனைடு வரும். 60 கிலோ எடையுள்ள ஒருவரின் உயிரைப் பறிக்க 30 மில்லிகிராமே போதுமானதாகிவிடலாம். ரத்தத்தில் ஆக்சிஜன் நிறைந்திருந்தும் செல்களால் அதைப் பயன்படுத்த முடியாமல் போவதுதான் இந்த விஷத்தின் வேலை. பெரியவர்கள் ஒரே வேளையில் மூன்று சிறிய பருப்புகளுக்கு மேல் தின்றால் பாதுகாப்பான அளவைத் தாண்டக்கூடும் என்று ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2016-இல் எச்சரித்தது. பெரிய பருப்பென்றால் அரைப் பருப்பே அதிகம். சின்னக் குழந்தைக்கு ஒரு சிறிய பருப்பே ஆபத்து. நம் குடும்பக் குழுக்களில் வருவதோ 15, 20.

இந்த விஷம் நம் ஊருக்குப் புதிதில்லை. சேலம், நாமக்கல் பக்கம் மரவள்ளித் தழையை ஆடு மேய்ந்துவிடாமல் பார்த்துக்கொள்கிறவருக்கும், வாடிய இளஞ்சோளத்தில் மாட்டை விடாதவருக்கும் இது தெரியும். அவையும் சயனைடைத்தான் வெளிவிடுகின்றன. இயற்கையில் விளைந்தது எல்லாம் நல்லது என்று அவர்கள் யாரும் சொல்லிக் கேட்டதில்லை.

யாரும் இதைச் சோதித்துப் பார்க்கவே இல்லை என்ற புகாரும் பொய். அமிக்டலினைச் சற்று மாற்றி 'லேட்ரைல்' என்று பரப்பிய அமெரிக்கரான எர்னஸ்ட் கிரெப்ஸ்தான் பிறகு இதற்கு பி17 என்று பெயர் சூட்டினார். மருந்தென்றால் நிரூபிக்க வேண்டும், வைட்டமின் என்றால் அந்தத் தொல்லை இல்லை. இது கிடைக்காமல் நோயுற்ற மனிதர் என்று ஒருவர்கூட இல்லை. 1970-களில் அமெரிக்காவில் இதற்காகப் பெரிய இயக்கமே நடந்தது. நடிகர் ஸ்டீவ் மெக்வீன் மெக்சிகோ வரை போய் இந்தச் சிகிச்சை எடுத்துக்கொண்டும் 1980-இல் இறந்தார். கடைசியில் மேயோ கிளினிக் உள்ளிட்ட நான்கு மையங்களில் 178 நோயாளிகளுக்குக் கொடுத்தே பார்த்தார்கள். 1982-இல் முடிவு வெளியானது: ஒருவரும் குணமாகவில்லை, ஆயுளும் கூடவில்லை. சிலருடைய ரத்தத்தில் சயனைடு உயிர்கொல்லும் அளவை நெருங்கியிருந்தது.

கே.கே. நகரிலேயே ராமசாமி சாலைப் பக்கம் ஒரு வீட்டில் பார்த்தேன். பருப்பை மிக்ஸியில் பொடித்து, தேனில் குழைத்து, வெறும் வயிற்றில் அம்மாவுக்கு ஊட்டிக்கொண்டிருந்தார் மகள். எதிர்ப்பு சக்திக்கென்று கூடவே வைட்டமின் சி மாத்திரைகள் வேறு. பருப்பைப் பொடித்தால் விஷம் சீக்கிரம் வெளியாகும். வைட்டமின் சி அளவுக்கு மீறினால் அதன் பாதிப்பு கூடவும் செய்யும். அந்த அம்மாவுக்குத் தலைவலி, கிறுகிறுப்பு, வாந்தி. எல்லாம் கீமோவால் வருவது என்றார் மகள். சயனைடு உடலில் ஏறும்போதும் இதேதான் வரும். கீமோவின் மேல் பழியைப் போட்டு, பருப்பைக் கூட்டிக்கொண்டே போகிறார்கள். டாக்டரிடம் சொன்னீர்களா என்று கேட்டேன். "திட்டுவாருங்க, சொல்லலை" என்றார். அவர் மேல் எனக்குக் கோபமில்லை. அம்மாவைக் காப்பாற்றத் துடிக்கிறார். அந்தத் துடிப்பைக் காசாக்கி, கசப்புப் பருப்பைப் 'புற்றுநோய்க்கு நல்லது' என்று விற்கிறார்களே, அவர்களைத்தான் மன்னிக்க முடியவில்லை.

மூலிகையை அவமதிக்கிறேன் என்று யாரும் கிளம்ப வேண்டாம். வாசலில் பூத்து நிற்கும் நித்தியகல்யாணியிலிருந்துதான் வின்கிறிஸ்டின் வந்தது. ரத்தப் புற்றுநோய் வந்த எத்தனையோ குழந்தைகள் இன்று பிழைக்க அதுவும் ஒரு காரணம். அதுவும் கடுமையான நஞ்சுதான். ஆனால் பிரித்தெடுத்து, சோதித்து, மில்லிகிராம் கணக்கில் அளந்து, கண்காணித்துக் கொடுக்கிறார்கள். முத்துலட்சுமி ரெட்டி 1954-இல் தொடங்கிய அடையாறு புற்றுநோய் நிலையம் கே.கே. நகரிலிருந்து அப்படியொன்றும் தூரமில்லை. பருப்பை நம்பி அங்கே மூன்று மாதம் தாமதமாகப் போய்ச் சேர்ந்தால், அந்த மூன்று மாதத்தில் கட்டி சும்மா இருக்காது.

உங்கள் வீட்டில் யாராவது இந்தப் பருப்பைச் சாப்பிட்டுக்கொண்டிருந்தால் இன்றே நிறுத்துங்கள். திட்டினாலும் பரவாயில்லை, எத்தனை பருப்பு, எத்தனை நாளாக என்று டாக்டரிடம் சொல்லிவிடுங்கள். மூச்சு வாங்கினாலோ, மயங்கி விழுந்தாலோ அவசரப் பிரிவுக்குப் போகும்போது பருப்புப் பாக்கெட்டையும் கையில் எடுத்துக்கொள்ளுங்கள். சயனைடுக்கு மாற்று மருந்து இருக்கிறது. உள்ளே போனது என்னவென்று தெரிந்தால்தான் டாக்டர்களுக்கு அதை நேரத்தோடு ஏற்றத் தோன்றும்.